எடுத்துக் கொடுக்கிறவள் எண்ண வேண்டும்

“பதினேழு” என்று பிலோமி கத்தினாள். கத்தத்தான் வேண்டும், கோர்ட்டின் அந்தக் கோடியில் வேப்பமர நிழலில் பிளாஸ்டிக் நாற்காலியைப் போட்டுக்கொண்டு கோச் தாமோதரன் சார் பேப்பர் படிக்கிறார், அவர் காதில் விழ வேண்டும். வலையிலிருந்து விழுந்த பந்தை ஒரே துள்ளலில் பிடித்து, வலது மூலையில் நிற்கிற வைரமணிக்கு அடித்தாள். வைரமணி வாங்கினாள், எம்பினாள், விட்டாள். பந்து வளையத்தைத் தொடக்கூட இல்லை, வலை மட்டும் ஒரு சொடக்குப் போட்டது. “பதினெட்டு.” முதல் இருபது பந்தில் பதினெட்டு! காலை ஏழு மணிக்கே சிமெண்டுத் தரை சுட ஆரம்பித்துவிட்டது, பிலோமிக்கு முதுகெல்லாம் ஈரம். இவளுக்குக் கை மரத்துப்போகாதா, கால் சுளுக்கிக்கொள்ளாதா, நடுவில் ஒரு தும்மலாவது வராதா என்று பார்த்தாள். வரவில்லை. வைரமணி அடுத்த இடத்துக்கு நடந்தாள், போகிற போக்கில் ஷார்ட்ஸைப் பிடித்து மேலே இழுத்துவிட்டாள், பிள்ளை பெற்ற இடுப்பில் அது நிற்கமாட்டேன் என்கிறது. அந்த இடுப்பைப் பார்த்ததில் பிலோமிக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்தது. அந்த ஆறுதலும் ஒரு பந்து நேரம்கூடத் தாங்கவில்லை. “பத்தொன்பது.”

இது புது ஏற்பாடு ஒன்றும் இல்லை. இந்த ஆபீஸ் பாஸ்கெட்பால் டீமில் போட்டிக்கு லிஸ்ட் போடுவதற்கு முன்னால் எப்போதும் நடப்பதுதான். ஐந்து இடம், இடத்துக்கு இருபது, ஆக மொத்தம் நூறு பந்து, எல்லாமே மூணு பாயிண்ட் கோட்டுக்கு வெளியே இருந்து. ஒருத்தி போடுவாள், இன்னொருத்தி வளையத்துக்குக் கீழே நின்று எடுத்துக் கொடுப்பாள். விழுந்ததை எண்ணிச் சொல்வதும் எடுத்துக் கொடுக்கிறவள் வேலைதான். போடுகிறவள் எண்ணக் கூடாது, எண்ணினால் கை இறுகிவிடும் என்பது சாருடைய சித்தாந்தம். சாரும் எண்ண மாட்டார், பார்க்கவும் மாட்டார். “எண்ணிக்கையில ஏமாத்துறவ எனக்கு டீமுக்கே வேணாம்மா” என்பார், அதோடு சரி, பேப்பருக்குள் தலையை விட்டுவிடுவார். பன்னிரண்டு வருஷத்தில் இந்தக் கோர்ட்டில் எவளும் எண்ணிக்கையில் கை வைத்ததில்லை. அதெல்லாம் சரி. ஆனால் பன்னிரண்டு வருஷமாக லிஸ்டில் ஷூட்டர் என்றால் இரண்டு பேர். இந்தத் தடவை உயரமான பெண்கள் இரண்டு பேரைப் புதிதாக எடுத்துவிட்டார்கள், அதனால் ஷூட்டருக்கு ஒரு இடம்தான். நூற்றில் யாருக்கு அதிகமோ அவள் லிஸ்டில். மற்றவள் திங்கட்கிழமையிலிருந்து முழு நேரம் ஆபீஸ். முழு நேரம் ஆபீஸ் என்றால் அப்புறம் எவளும் திரும்பி வந்ததில்லை, அதை யாரும் வாய்விட்டுச் சொல்வதுமில்லை. “நான் முதல்ல போட்டுர்றேன்டி, நீ அதுக்குள்ள உடம்பைச் சூடு பண்ணிக்கோ” என்று வைரமணி சொன்னாளே, பெரிய மனசுக்காரி! நெட்டையும் குட்டையுமாக எத்தனையோ பேருக்கு எடுத்துக் கொடுத்திருக்கிறாள் பிலோமி, உடம்பு சூடானதுண்டு. இப்படி வயிறு எரிந்ததில்லை.

இருபத்தி நாலு. இருபத்தி ஐந்து. பொறாமையா? ஆமாம், பொறாமைதான், இருக்கட்டும், யார் கேட்கப்போகிறார்கள். மூன்று வருஷம் பந்தைத் தொடாதவள் இவள். கல்யாணம், அப்புறம் பெரிய ஆபரேஷன் பண்ணிப் பிள்ளை, அப்புறம் பால்குடி மறக்கிற வரைக்கும் கம்பத்தில் அம்மா வீடு. போன ஆடி மாசம் வந்து நின்றாள், சிரித்துக்கொண்டு, கன்னமெல்லாம் உப்பி. சரி, பாவம், சும்மா வேர்வை சிந்திவிட்டுப் போகட்டும் என்றுதான் பிலோமியும் நினைத்தாள். முதல் நாள், பழைய ஷூ, லேஸ்கூடச் சரியாகக் கட்டவில்லை, அந்தக் கோடியிலிருந்து ஒரு பந்தை விட்டாள். விழுந்தது. இன்னொன்று. அதுவும் விழுந்தது. “ஐயோ, மறக்கலடி!” என்று பிலோமியைக் கட்டிப்பிடித்துக் குதித்தாள். கட்டிப்பிடித்த கைக்குள் பிலோமி விறைத்துப்போய் நின்றாள். அந்த மூன்று வருஷத்தில் பிலோமி என்ன செய்தாள்? நாளைக்கு ஐந்நூறு பந்து. மழை பெய்தால் தரையைத் துடைத்துவிட்டு ஐந்நூறு பந்து. இரண்டு முட்டிக்கும் ஐஸ், நடு விரல் நுனியில் ஆறவே ஆறாத வெடிப்பு, பரோட்டா கிடையாது, ஊர்த் திருவிழா கிடையாது. புன்னைக்காயலிலிருந்து பெண் பார்க்க வந்தவர்களிடம் போட்டித் தேதியைச் சொல்லித் தள்ளிப் போட, அவர்கள் தள்ளிப் போட, அம்மா இப்போதெல்லாம் போனில் அந்தப் பேச்சையே எடுப்பதில்லை, மீன் என்ன விலை என்று மட்டும் சொல்கிறாள். இதையெல்லாம் கொடுத்து வாங்கிய கை இது. அவளுக்கோ சும்மா கிடைத்தது, போட்டுவிட்டுப் போன இடத்திலேயே இருந்தது, வந்து எடுத்துக்கொண்டாள். எங்கே நியாயம்? அதுவும் அது யாருடைய கை? ஸ்போர்ட்ஸ் ஹாஸ்டலில் இரண்டு பேருக்கும் பதிமூணு வயசு, ஒரே கட்டில், மேல் தட்டு அவள், கீழ்த் தட்டு இவள். விடிகாலை வார்டன் எழுந்திருப்பதற்குள் கோர்ட்டுக்கு ஓடி, இருக்கிற ஒரே பந்தை மாற்றி மாற்றிப் போட்டுக்கொண்டார்கள். அப்போது வைரமணி முழங்கையை வெளியே தள்ளிப் போடுவாள், பந்து கோணலாகப் போகும். பிலோமியைப் பார்த்துப் பார்த்து உள்ளே கொண்டுவந்தாள். தோள், முழங்கை, மணிக்கட்டு, கடைசியில் இரண்டு விரல் கீழே தொங்குவது வரைக்கும் அப்படியே பிலோமிதான். பார்க்கிறவர்கள் அக்கா தங்கச்சியா என்பார்கள். அப்போது பெருமையாக இருந்தது, மடச்சி. இப்போது வளையத்துக்குக் கீழே நின்று நிமிர்ந்து பார்த்தால் தன்னுடைய கையே தன்னை ஊரைவிட்டுத் துரத்துகிற மாதிரி இருக்கிறது. “முப்பத்திநாலு” என்றாள். குரல் கொஞ்சம் கம்மிவிட்டது.

“கேக்கலம்மா!” என்றார் சார் பேப்பருக்குள்ளிருந்து.

“முப்பத்திநாலு சார்!”

நாற்பது பந்தில் முப்பத்திநாலு. இப்படியே போனால் எண்பத்தைந்து. பிலோமியின் வாழ்நாள் கணக்கே எழுபத்தெட்டு, அது முட்டி நன்றாக இருந்த காலத்தில். இந்த மாசம் எழுபத்திரண்டு, எழுபத்திநாலு. எண்பத்தைந்தென்றால் எழுபத்திநாலெல்லாம் போடவே வேண்டாம், இப்போதே பையை எடுத்துக்கொண்டு பஸ் ஏறிவிடலாம். திங்கட்கிழமை பத்து மணிக்கு இரண்டாவது மாடி. இந்தப் பன்னிரண்டு வருஷத்தில் அந்த மாடிக்குக் கையெழுத்துப் போடத்தான் போயிருக்கிறாள். சூப்பிரண்டு ஒரு அம்மாள், மூக்குக்கண்ணாடியைத் தலைமேல் ஏற்றிக்கொண்டு, “வாங்க பிளேயர்” என்பாள், பிலோமியின் பெயர்கூட அவளுக்குத் தெரியாது. எந்தக் கோப்பு எந்த அலமாரி, எதற்கு யாரிடம் கையெழுத்து, பிலோமிக்கு ஒன்றும் தெரியாது. முப்பத்திரண்டு வயசில், இருபத்திரண்டு வயசுப் பிள்ளைகள் பக்கத்தில் உட்கார்ந்து, இது எங்கே வைக்கணும் தம்பி என்று கேட்க வேண்டும். இவளுக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்று. மற்றவர்கள் ஓடுவார்கள், தடுப்பார்கள், முட்டி மோதுவார்கள். இவள் கோட்டுக்கு வெளியே போய் நிற்பாள், பந்து வந்தால் போடுவாள். இருபது வருஷமாக அதற்காகவே சோறு போட்டார்கள், கை தட்டினார்கள், பேப்பரில் படம் போட்டார்கள். படம்! அந்தப் படம். நெல்லூர் பைனல், கடைசி மூணு விநாடி, வைரமணி பாஸ் கொடுத்தாள், பிலோமி போட்டாள், ஜெயித்தார்கள். மறுநாள் பேப்பரில் பிலோமியின் முதுகு, தூக்கிய கை, அந்தரத்தில் பந்து. அடியில் என்ன எழுதியிருந்தான்? “வெற்றிப் புள்ளிகளைக் குவிக்கும் வைரமணி.” முதுகைப் பார்த்து எழுதினவன், அவனைச் சொல்லி என்ன? ஆனால் இந்த மகராசி என்ன செய்தாள், அந்தப் படத்தை வெட்டி, தன் பெயரை அடித்து, மேலே பால்பாயிண்ட் பேனாவால் ‘பிலோமினா’ என்று எழுதி, லேமினேஷன் பண்ணிக் கொண்டுவந்து நீட்டினாள். தப்பாகப் போட்டவன்மேல்கூட பிலோமிக்கு அவ்வளவு கோபம் வரவில்லை. எல்லாரும் பார்க்க, எவ்வளவு நல்ல பொண்ணு பாரேன் என்று ஆளாளுக்குச் சொல்ல, அந்த அடித்த கோடு வெயிலில் பளபளத்தது. இன்னும் அது பீரோவில் சேலைக்கு அடியில் கிடக்கிறது, குப்புற.

மூன்றாவது இடம், வளையத்துக்கு நேர் எதிரே. முப்பத்தெட்டு. முப்பத்தொன்பது. அடுத்த பந்தைப் பிடிக்கும்போது பிலோமியின் உள்ளங்கை வேர்த்து வழுக்கிவிட்டது. வேண்டுமென்று இல்லை, சத்தியமாக இல்லை, மாதாமேல் ஆணையாக இல்லை. பந்து ஒரு சாண் கீழே, இடது பக்கமாகப் போனது. வைரமணி குனிந்து வாங்கினாள், நிமிர்ந்தாள், பந்தைக் கையில் ஒரு தரம் திருப்பினாள், போட்டாள். வளையத்தின் பின்விளிம்பில் இடித்து வெளியே வந்தது. “ஸாரிடி, நான்தான் லேட்டாயிட்டேன்” என்றாள் வைரமணி. பிலோமி பந்தை எடுத்தாள். இவ்வளவுதானா? ஒரு சாண்தானா? உலகத்தில் வேறு யாருக்கும் தெரியாத சங்கதி இது. இந்தக் கைக்குப் பந்து வலது மார்புக்கு நேராக, தையல் கோடு குறுக்கே இருக்கிற மாதிரி வந்து விழ வேண்டும், விழுந்தால் மற்றதெல்லாம் தானாக நடக்கும். கொஞ்சம் தள்ளி வந்தால் குனிந்து, நிமிர்ந்து, கோட்டைத் தேடி, அதற்குள் முழங்காலில் கூடிய வேகம் ஆறிப்போய்விடும். தெரியாமல் என்ன, தன் கைதானே அது. ஹாஸ்டல் காலத்தில் இருட்டில்கூட வைரமணியின் பாஸ் அந்த இடத்துக்கு வந்து உட்காரும், கையை நீட்டவே வேண்டாம். நாலு பந்து ஒழுங்காகக் கொடுத்தாள். அப்புறம் ஒன்று, ஒரே ஒரு சாண். பார்க்கலாம் என்றுதான் கொடுத்தாள். விழவில்லை. இன்னும் இரண்டு நல்லது, அப்புறம் ஒன்று சற்றே வேகமாக, வயிற்றுக்கு. அதுவும் விழவில்லை. யாருக்குத் தெரியும்? சார் பேப்பரை மடித்து இரண்டாம் பக்கம் போய்விட்டார். தூரத்திலிருந்து பார்த்தால் பாஸ் போகிறது, பாஸ் வருகிறது. மூன்றாவது இடம் முடிந்தபோது “நாற்பத்தேழு” என்று பிலோமி கத்தினாள். சரியான எண்ணிக்கை, கூடுதலும் இல்லை குறைச்சலும் இல்லை, சார் வேண்டுமானால் வந்து உட்கார்ந்து எண்ணட்டும்.

இடது பக்கம். எண்ணிக்கையில் நான் கை வைக்கவில்லையே, அதுவரைக்கும் சுத்தம் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். கேமில் எவள் கையில் வைத்த மாதிரி பாஸ் கொடுக்கிறாள், ஓடுகிற ஓட்டத்தில் கண்டபடிதான் வரும், நல்ல ஷூட்டர் என்றால் எதையும் வாங்கிப் போட வேண்டாமா. ஆமாம், இதுதான் நிஜமான பரீட்சை. ஐம்பத்திமூன்று. நீ மூன்று வருஷம் உட்கார்ந்து தின்றாய், நான் ஒரு சாண் தள்ளிக் கொடுத்தேன், அதற்கும் இதற்கும் சரி. ஐம்பத்திநாலு. உனக்கு வீடு இருக்கிறது, புருஷன் பஸ் ஸ்டாண்டில் ஸ்கூட்டரை வைத்துக்கொண்டு நிற்பான், மாமியார் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு வாசலில் நிற்பாள், போகிற இடத்திலெல்லாம் உனக்கு யாராவது நிற்கிறார்கள். எனக்கு இந்தக் கோடுதான் இருக்கிறது, அதுவும் வேண்டுமா உனக்கு? வைரமணி ஒவ்வொரு கோணல் பாஸுக்கும் குனிந்தாள். ஒவ்வொரு தடவையும் “ஸாரிடி” என்றாள். ஒரு தடவைகூட, என்னடி பாஸ் இது என்று கேட்கவில்லை. கேட்டுத்தான் தொலையேன்! கேட்டால் சண்டை போடலாம், வாய்க்கு வந்தபடி திட்டலாம், கை வழுக்குதுடி நான் என்ன பண்ண என்று அழக்கூடச் செய்யலாம். கேட்காமல் குனிந்து குனிந்து எடுத்தால் என்ன செய்வது? அந்தக் குனிதலில் ஆபரேஷன் போட்ட இடம் இழுக்கிறதோ என்னவோ, இரண்டு தடவை அடிவயிற்றில் கையை வைத்துக்கொண்டாள். பிலோமி அதைப் பார்த்தாள். பார்த்துவிட்டு அடுத்த பந்தை நேராகக் கொடுத்தாள், அதற்கடுத்ததையும் நேராகக் கொடுத்தாள். இரண்டும் விழுந்தன, உடனே பயம் பிடித்துக்கொண்டது, மூன்றாவதை முட்டிக்கு அடித்தாள். ஐம்பத்தொன்பது. கடைசி மூலை. அறுபத்தைந்து, அறுபத்தாறு. கோணல் பந்தையும் இரண்டை உள்ளே தள்ளிவிட்டாள் பாவி, அப்படியும் தள்ளுவாளா ஒருத்தி! நூறாவது பந்து போர்டில் பட்டு உள்ளே போனது. “எழுபத்தொண்ணு” என்றாள் பிலோமி. எழுபத்தொன்றைத் தாண்டிவிட முடியும். எழுபத்திரண்டு இந்த மாசமே போட்டிருக்கிறாள்.

“எழுபத்தொண்ணா? ஏம்மா வைரம், அப்ப நல்லா போயிட்டிருந்துதே?” என்றார் சார்.

“வெயில் சார்” என்றாள் வைரமணி. டீஷர்ட் கழுத்தால் முகத்தைத் துடைத்துக்கொண்டே வளையத்துக்குக் கீழே வந்தாள். வந்தவள் தோளில் கிடந்த துண்டை எடுத்து பிலோமியிடம் நீட்டினாள். “இந்தா, கையைத் துடைச்சுக்கோ. வழுக்குதுல்ல.” அவ்வளவுதான் சொன்னாள். முகத்தில் குத்தலும் இல்லை ஒன்றும் இல்லை, ஹாஸ்டலில் சோப்புக் கட்டியை நீட்டுவாளே அதே முகம். தெரியும். இவளுக்கு முதல் கோணல் பந்திலிருந்தே தெரியும். பிலோமி துண்டை வாங்கி ஒவ்வொரு விரலாகத் துடைத்தாள், வெடித்த நடு விரலை இரண்டு தடவை துடைத்தாள், துடைக்க வேறு ஒன்றும் இல்லாமல் போனதும் வலது மூலைக்கு நடந்தாள். சரி, இப்போது அவள் முறை, அவளும் கொடுப்பாள் முட்டிக்கும் வயிற்றுக்கும், கொடுக்கட்டும். கொடுத்தால் நல்லது. எனக்கும் சொல்ல ஒன்று இருக்கும், இரண்டு பேரும் சரிசமம் என்று சொல்லிக்கொள்ள ஒன்று இருக்கும். முட்டியை மடக்கி, எதற்கும் இருக்கட்டும் என்று கொஞ்சம் குனிந்தே நின்றாள்.

பந்து வந்தது. வலது மார்புக்கு நேராக, தையல் கோடு குறுக்கே, விரல்கள் தாமாகப் போய் அதன்மேல் உட்கார்ந்தன. பதிமூணு வயசிலிருந்து வந்த அதே பந்து. குனிந்து நின்றவள் நிமிர வேண்டியிருந்தது, நிமிர்ந்து, எம்பி, விட்டாள். விடும்போதே தெரிந்துவிட்டது, குட்டை. வளையத்தின் முன்விளிம்பில் டங்கென்று அடித்துப் பந்து தரைக்கு வந்தது. குறை சொல்ல வெயிலும் இல்லை, இந்த மூலையில் நிழல்தான். வைரமணி பந்தை எடுத்தாள். அவள் முகத்தில் ஒரு சலனமும் இல்லை, பிலோமியின் கண்ணைப் பார்த்துக்கொண்டே, சாருக்குக் கேட்கிற மாதிரி, கணீரென்று சொன்னாள்:

“ஒண்ணு.”

சார் பேப்பரைத் திருப்பினார். பிலோமிக்கு முதலில் புரியவில்லை. அப்புறம் காது இரண்டும் சூடானது. பன்னிரண்டு வருஷத்தில் எவளும் செய்யாததை வைரமணி செய்கிறாள், பிலோமிக்காகச் செய்கிறாள். எழுபத்திரண்டு வரைக்கும் இப்படியே சொல்லிக்கொண்டு போவாள், விழுந்தாலும் சரி, விழாவிட்டாலும் சரி, கடைசியில் கட்டிப்பிடித்துக் குதிக்கவும் செய்வாள். லிஸ்ட், போட்டி, இந்தக் கோர்ட், எல்லாம் பிலோமிக்கு. இரண்டாவது மாடி அவளுக்கு. ஒரு நொடி, அந்த எண் எவ்வளவு இனிப்பாக இருந்தது என்பதை மறைக்க முடியாது; ஒண்ணு, ஒண்ணு என்று நெஞ்சு இரண்டு தடவை சொல்லிப் பார்த்தது. உடனே அந்தப் படம், அடித்துவிட்டு மேலே எழுதிய பெயர், பேனாவின் நீலம், பளபளக்கிற கோடு. மறுபடியுமா? ஏமாற்றுவதிலும் இவள்தான் பெரியவளா? நான் ஏமாற்றினால் எனக்காக ஏமாற்றினேன், திருட்டு நாய் மாதிரி ஒரு சாண் ஒரு சாணாக. இவள் ஏமாற்றினால் அதுவும் தானம். இதையும் வாங்கிக்கொண்டு பீரோவில் குப்புறப் போட்டு வைக்கணுமா?

“சைபர்!” என்று பிலோமி கத்தினாள். கத்திய கத்தில் வேப்பமரத்துக் காக்காய் எழுந்து பறந்தது.

சார் தலையைத் தூக்கினார். “என்னம்மா அங்க?”

“சைபர் சார். முதல் பந்து விழல.”

“எண்ணுறவளை எண்ண விடும்மா.”

“விழல சார். சைபர்தான்.”

வைரமணி பந்தை இடுப்பில் இடுக்கிக்கொண்டு, “ஏன்டி?” என்றாள், உதடு மட்டும் அசைகிற மாதிரி. பிலோமிக்கு இன்னொன்றும் தொண்டைக்கு வந்தது. சார், அவ நூறும் திரும்பப் போடட்டும், நான் பாஸ் ஒழுங்காக் கொடுக்கல. சின்ன வாக்கியம்தான், ஒரே மூச்சில் சொல்லிவிடலாம், சார்கூட இன்னும் பேப்பருக்குள் போகவில்லை, இவளையே பார்த்துக்கொண்டிருக்கிறார். வாயைத் திறந்தாள். சார் பேப்பருக்குள் போய்விட்டார்.

“பந்தைக் குடுடி” என்றாள் பிலோமி.

வைரமணி “சைபர்” என்று தானும் ஒரு தடவை சத்தமாகச் சொல்லிவிட்டு, இரண்டாவது பந்தை அடித்தாள். வலது மார்புக்கு நேராக, கோடு குறுக்கே, கையை நீட்டவே வேண்டாம். இன்னும் தொண்ணூற்றெட்டு பாக்கி இருக்கிறது, அத்தனையும் இப்படியேதான் வரும்.